சேவல் பாஸும் மூன்றாவது அல்பிரட் ராசாவும்

ஒரேயோர் ஆங்கிலச் சொல்லை மட்டும் கையில் வைத்துக்கொண்டு ஒரு முழு உலக யுத்தத்தைக் கடந்து வந்த மனிதர் இந்தப் பூமியில் ஒருவர்தான் இருக்க முடியும். அவர் எங்கள் சேவல் பாஸ்.

யுத்தகாலத்தில் திருகோணமலைத் துறைமுகத்தில் எல்லோரும் ஆங்கிலம் பொறுக்கினார்கள். சிகரட் கேட்க நாலு சொல், சம்பளம் கேட்க நாலு சொல், வெள்ளைக்காரன் ஏசினால் ஏசுகிறான் என்று விளங்கிக்கொள்ள நாலு சொல். பாஸுக்கு ஒரு சொல் போதும். 'கொக்'. ஆங்கிலத்தில் சேவலுக்கு அதுதான் பெயர். நம்முடைய கொக்குக்கும் அதற்கும் ஒட்டுமில்லை, உறவுமில்லை. அந்தச் சொல்லை அவர் டொக்யாட் என்ற கடற்படைத் தளம் முழுக்கத் துரத்தித் திரிந்தார். பிடித்ததையெல்லாம் ஒரு கொப்பியில் அடைத்தார். அந்தக் கொப்பியில் ஒரு பக்கம் நான் எழுதியது. அந்தப் பக்கத்தைப் பற்றிச் சொல்லத்தான் இப்போது பேனையை எடுத்திருக்கிறேன். சொல்ல வெட்கமாக இருக்கிறது. ஆகவே வெட்கமில்லாத பகுதிகளை முதலில் சொல்லிவிடுகிறேன்.

கைத்தொழில் தெரிந்தவரை எங்கள் பக்கத்தில் 'பாஸ்' என்போம். மேசன் பாஸ், தச்சு பாஸ். இவர் பைப் பாஸ். ஊர் சம்பூர். சம்பள இடாப்பில் ஒழுங்கான பெயர் ஒன்று இருந்தது; அதைச் சொல்லிக் கூப்பிட்டால் அவரே திரும்பிப் பார்க்கமாட்டார். பைப் பாஸ் சேவல் பாஸ் ஆனது ஒரு விசிலால்.

மலைச்சரிவில் தண்ணீர்த் தாங்கி. அங்கிருந்து ஒரு பெரிய குழாய் இறங்கி, கால் மைல் தள்ளிக் கப்பல்கள் வந்து நிற்கும் ஜெட்டிக்குப் போகும். கப்பலுக்குத் தண்ணீர் விடும்போது மேலே ஒருவர் வால்வைத் திறக்க வேண்டும். கீழே ஒருவர் ஹோஸின் வாயைப் பிடித்துக்கொண்டு நிற்கவேண்டும். சொல்லாமல் திறந்தால் ஹோஸ் சாரைப்பாம்பு மாதிரித் துள்ளி ஆளைக் கடலில் போட்டுவிடும். முன்பெல்லாம் விசில் ஊதிவிட்டுத்தான் திறந்தார்கள். துறைமுகத்தில் குண்டு விழுந்த பிறகு, இனி விசில் விமான அபாயத்துக்கு மட்டும் என்று கட்டளை வந்தது. கத்திப் பார்த்தார்கள். டொக்யாட்டில் காலை தொடக்கம் எல்லோரும் கத்திக்கொண்டுதான் இருப்பார்கள். எந்தக் கத்தல் யாருக்கு என்று எவர் கண்டார். பாஸ் ஒரு நாள் முழுக்க யோசித்தார். அடுத்த நாள் வால்வில் கையை வைத்து, நெஞ்சை நிமிர்த்தி, கழுத்தை நீட்டி, அசல் சேவலாகக் கூவினார். ஒரு கூவல் என்றால் திறக்கிறேன். இரண்டு கூவல் என்றால் பூட்டுகிறேன்.

அந்தக் கூவல் மலையில் பட்டு, தண்ணீரில் பட்டு, துறைமுகத்தை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு அவரிடமே திரும்பி வரும். முதல் வாரம் ஒரு போர்க்கப்பலின் மாலுமிகள் அத்தனை பேரும் ஓரத்துக்கு வந்து நின்று திருப்பிக் கூவினார்கள். ஜெட்டியில் நின்றவன், இத்தனை சேவலுக்கு எத்தனை தண்ணீர் வருமோ என்று ஹோஸைப் போட்டுவிட்டு ஓடிவிட்டான்.

அதைவிடப் பெரிய கரைச்சல் ஒரு நிசச் சேவலால் வந்தது. அதிகாரிகளின் குசினிக்குப் பின்னால் அதைக் கொழுக்க விட்டிருந்தார்கள். ஒருநாள் பகல், தண்ணீர் பாய்ந்துகொண்டிருந்த நேரத்தில், அது தன் பாட்டுக்கு இரண்டு தரம் கூவியது. பூட்டியாகிவிட்டது என்று ஜெட்டிக்காரன் ஹோஸைக் கீழே வைத்தான். ஹோஸ் எழும்பி, வெள்ளைக் காற்சட்டையோடு மேற்பார்வைக்கு வந்திருந்த ஓர் அதிகாரியைத் தலையிலிருந்து சப்பாத்து வரைக்கும் கழுவியது. பாஸ் நேரே குசினிக்குப் போய்ச் சமையற்காரரிடம் முறைப்பாடு செய்தார்.

"இவன் எங்கட தொழிலுக்குள்ள தலையிடுறான்."

"கவலைப்படாதையும். ஞாயிற்றுக்கிழமை சூப்," என்றார் சமையற்காரர்.

சொன்னபடியே சூப் ஆனது. பாஸ் மூன்று நாள் மச்சம் மாமிசம் தொடவில்லை. "அது செய்தது ஒரு உத்தியோகப் பிழைதானே, தம்பி," என்று என்னிடம் வந்து வருத்தப்பட்டார். "உத்தியோகப் பிழைக்கெல்லாம் ஆளைச் சூப்பாக்கினா டொக்யாட்டில ஒருத்தரும் மிஞ்சமாட்டினம்."

இந்த வசனத்தை வாசகர்கள் ஞாபகத்தில் வைத்திருக்கவேண்டும். நான் வைத்திருக்கிறேன்.

சொல்லைத் தேடத் தொடங்கிய கதையையும் அவரே சொன்னார். "நான் பள்ளிக்கூடம் போனது மூண்டு மாதம். முதல் புத்தகத்தில ஒரு சேவல் படம். கீழ கொக் எண்டு போட்டிருந்தது. அடுத்த படத்துக்குப் போக முந்தி ஐயா என்னை வயலுக்குக் கூட்டிக்கொண்டு போயிட்டார். பதினெட்டு வயசில இஞ்ச வேலைக்கு வந்தன். வெள்ளைக்கார ஃபோமன் குழாய்ப் பூட்டை, தண்ணியைத் திருகிப் பூட்டிற சாமானை, தொட்டுக் காட்டி 'கொக்' எண்டார். நான் சேவல் எங்க நிக்குதெண்டு அங்கையும் இஞ்சையும் பாத்தனான். அண்டைக்குத் தொடங்கினது, இன்னும் முடியேல்லை."

எங்கே முடியும். துவக்குத் துடைத்துக்கொண்டிருந்த ஒரு சிப்பாய், விசைக்குப் பின்னால் தலையாட்டும் இரும்பையும் கொக் என்றான். பாஸ் அதை இரண்டு தரம் இழுத்து விட்டுப் பார்த்தார். "சரிதான். கொத்துது," என்று எழுதிக்கொண்டார். படகுக்குச் சுக்கான் பிடிக்கிறவனை கொக்ஸன் என்றார்கள். அவனுடைய கழுத்துச் சிவப்பைப் பார்த்துவிட்டு அதையும் ஏற்றுக்கொண்டார். மாலையில் அதிகாரிகள் குடிப்பது கொக்டெயில், சேவல் வால், என்று குசினியில் சொன்னார்கள். கண்ணாடிக் குவளைக்குள் எட்டிப் பார்த்து, வாலைக் காணாமல், பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டார். கடல் விமானத்தில் விமானி இருக்கும் இடத்துக்கு கொக்பிட், சேவற்குழி, என்று பெயர். சீனன்குடா விமானத்தளத்தில் ஒரு விமானத்துக்குக் குழாய் பூட்டப் போனவர் அதற்குள் தலையை விட்டுப் பார்த்துவிட்டு வந்தார்.

"ரெண்டு பேர் முழங்கால் இடிக்கக் குந்தியிருக்கிறாங்கள், தம்பி. சுத்திவர முள்ளு முள்ளாக் கடிகாரம். வெளியில வர வழியில்லை. சேவற்சண்டைக் குழிதான், சந்தேகமே இல்லை."

கரப்பான் பூச்சிக்கும் ஆங்கிலத்தில் கொக்கில் தொடங்கும் பெயர் என்று நான்தான் சொன்னேன். அதை மட்டும் அவர் எழுத மறுத்துவிட்டார். "சேவலுக்குக் கரப்பான் சாப்பாடு. தின்னுறவன்ர பேரை ஆராவது தீனுக்கு வைப்பினமே? இது வேற எங்கையோ இருந்து வந்தது." நான் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டேன். மூன்று மாதம் படித்தவர் ஆங்கிலத்தைத் திருத்துகிறாரே என்று.

இன்னுமொரு பொருளும் அந்தச் சொல்லுக்கு உண்டு. மாலுமிகள் அதைச் சொல்லிச் சொல்லி விழுந்து சிரித்தார்கள். பாஸ் என்னிடம் வந்து, "எல்லாரும் சிரிக்கிறாங்கள். என்ன தம்பி அது?" என்று கேட்டார். என் காது சூடாகிவிட்டது. அது கூடாத கதை, எழுதத் தேவையில்லை என்றேன். அவர் என் முகத்தை ஒரு முறை பார்த்தார். "ஓ, அதுவா," என்று கொப்பியில் ஒரு வரியை வெறுமையாக விட்டார். இந்தப் பத்திரிகையிலும் அந்த வரி வெறுமையாகவே இருக்கட்டும்.

கண்டுபிடித்ததிலெல்லாம் பாஸுக்குப் பெருமை தந்தது வெள்ளைக்காரரின் கோயில் கூரைதான். அதன் உச்சியில் காற்றுக்குச் சுழலும் தகரச் சேவல் ஒன்று நின்றது. அதற்குப் பெயரே காற்றுச் சேவல். "கோயில் உச்சியில சேவல் வைக்கிறது ஆர்? நாங்கள். முருகன்ர கொடியில என்ன? சேவல். அப்ப இவங்கள் ஆதியில ஆர்? நீங்களே சொல்லுங்கோ." வெள்ளையர் எல்லோரும் வழிதவறிப்போன முருகபக்தர் என்ற இந்தச் சித்தாந்தத்தை அவர் பாதிரியாரிடமே போய்ச் சொன்னார். நல்ல மனிதர், கோபிக்கவில்லை. மொழிபெயர்க்க நான் கூட நின்றேன். தங்கள் சமயத்தில் ஒரு சீடர் இருந்தாராம்; பயத்தில், தன் குருவைத் தனக்குத் தெரியவே தெரியாதென்று மூன்று தரம் சொன்னாராம்; உடனே சேவல் கூவியதாம்; அந்த வெட்கத்தை மறக்காமல் இருக்கத்தான் கூரையில் சேவல், என்றார் பாதிரியார்.

வரும் வழியில் பாஸ் கூரைச் சேவலை ஒரு தரம் திரும்பிப் பார்த்தார். பிறகு, "பாவம், அந்தாள். பயத்திலதானே சொன்னவர்," என்றார்.

இனி என்னைப் பற்றி.

நான் திருகோணமலைக்குப் பக்கத்தில் சல்லி என்ற கடற்கரை ஊரில் பிறந்தவன். எங்கள் குடும்பத்தில் எனக்கு முன்னால் பேனை பிடித்தவர் எவருமில்லை. நான் மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்துப் பாஸானதும் எங்கள் கரையில் ஆங்கிலம் சம்பந்தப்பட்ட எதுவும் என்னிடம்தான் வந்தது. மருந்துப் போத்தல், தந்தி, கரையொதுங்கிய பெட்டி. ஒரு நாள் கப்பலில் இருந்து விழுந்த தகரப் பேணி ஒன்றைப் பெரியப்பா கொண்டுவந்தார். மேலே இருந்த எழுத்தில் பாதியைக் கடல் தின்றுவிட்டது. திறந்து பார்த்தால் மஞ்சளாக, வழவழவென்று ஏதோ. எல்லோரும் என் வாயைப் பார்த்தார்கள். எனக்குத் தெரியாது என்று சொல்லியிருக்கலாம். "பழப்பாகு. ரொட்டிக்குத் தொட்டுச் சாப்பிடுறது," என்றேன். அது வண்டிச் சில்லுக்குப் பூசும் கிறீஸ். பெரியப்பா ஒரு முழு ரொட்டியை அதோடு சாப்பிட்டு முடித்து, "இங்கிலீஸ்காரன்ர சாப்பாடு கொஞ்சம் வழுக்கும்தான்," என்றார். என் படிப்புக்கு அவர் செய்த மரியாதை அது. அவருடைய வயிறு இரண்டு நாள் அந்த மரியாதைக்கு உடன்படவில்லை.

குண்டு விழுந்து பாதி ஊர் காட்டுப்பக்கம் ஓடிய பிறகு, டொக்யாட்டில் பேனை பிடிக்கத் தெரிந்தவனையெல்லாம் வேலைக்கு எடுத்தார்கள். அப்படித்தான் நான் கிளாக்கர் ஆனேன். குழாய்ச் சாமான் வேண்டுமென்றால் பாஸ் என்னுடைய கந்தோருக்கு வருவார். நான் படிவத்தை ஆங்கிலத்தில் எழுதிக் கொடுப்பேன். என்னிலும் இருபத்தைந்து வயது மூத்தவர், ஒரு நாளும் 'நீ' என்று பேசியதில்லை. நான் எழுதும்போது பேனை முனையையே பார்த்துக்கொண்டு நிற்பார், பால் கறப்பதைக் கன்று பார்ப்பது மாதிரி.

ஒரு பகல் அவர் ஒரு பழைய பித்தளைக் குழாய்ப் பூட்டைக் கொண்டுவந்து என் மேசையில் வைத்தார்.

"தம்பி, துவக்குக்கு ஏன் கொக் எண்டு விளங்கீட்டுது. இதுக்கு ஏன்? பெரிய ஃபோமன்மாரைக் கேட்டுப் பாத்தனான். ஒருத்தருக்கும் தெரியேல்லை. எனக்கொரு யோசனை கிடக்கு, சரியோ பிழையோ தெரியாது. பாரம் தூக்கிற மிசினுக்குக் கிரேன் எண்டு பேர். அது அவங்கட பாசையில கொக்கு. ஏன் கொக்கு? கழுத்து அப்படி. இப்ப இதைத் திருப்பிப் பிடிச்சுப் பாருங்கோ. இந்த வளைவு சொண்டு. மேல திருகிற பிடி, கொண்டை. தண்ணி விடுற வாய், கூவிற வாய். வடிவாப் பாத்தா சேவல்ர தலை. அதாலதான் இருக்குமோ?"

எனக்குத் தெரியாது. எங்கள் வெள்ளைக்கார எஞ்சினியர் துரையின் அறையில் ஒரு பெரிய அகராதி இருந்தது, போய்க் கேட்டிருக்கலாம். கேட்டால் கிளாக்கருக்கு ஆங்கிலம் போதாது என்று துரை நினைப்பார். பாஸ் சொன்னதை ஆமென்றிருக்கலாம். ஆனால் நாலு எழுத்துத் தெரியாதவர் கண்ணால் பார்த்துச் சொன்னதை ஆமென்பதற்கா நான் இத்தனை வருடம் படித்தேன். பேனையைக் கீழே வைத்தேன். கதிரையில் சாய்ந்தேன்.

"அப்படியில்லை, பாஸ். அது ஒரு சரித்திரக் கதை," என்றேன். "முந்தி இங்கிலாந்தில ஒரு ராசா இருந்தவர். ஒரு நாள் அவற்ற சாராயப் பீப்பாயில ஓட்டை விழுந்திட்டுது. காவல்காரன் நித்திரை. அரண்மனைச் சேவல் ஒண்டு வந்து, தன்ர சொண்டை ஓட்டைக்குள்ள செருகிக்கொண்டு விடியும்வரைக்கும் நிண்டது. ஒரு துளி சிந்தேல்லை. ராசா நன்றிக்காக, இனிமேல் அடைக்கிற பூட்டுக்கெல்லாம் சேவல்ர பேர்தான் எண்டு கட்டளை போட்டவர்."

பாஸ் வாயைத் திறந்தபடி கேட்டார். "ராசாவுக்கு என்ன பேர், தம்பி?"

"மூன்றாவது அல்பிரட்," என்றேன். எங்கிருந்து வந்ததோ தெரியாது.

"அப்ப என்ர யோசனை பிழை," என்றார் அவர், கொஞ்சமும் வருத்தமில்லாமல். கொப்பியை நீட்டினார். "இது முக்கியமான சங்கதி. என்ர எழுத்து வடிவில்லை. நீங்களே எழுதுங்கோ." எழுதினேன், குண்டு குண்டான எழுத்தில்.

ஆறு மாதம் கழித்துப் பைப் பகுதிக்கு ஃபோமன் பதவி வந்தது. ஐம்பது பேருக்கு மேலாள். பாஸ் இருபத்தேழு வருடமாக அந்தப் பதவிக்கு வந்த ஒவ்வொருவருக்கும் வேலை பழக்கி அனுப்பியவர். வயதெல்லைப்படி அவருக்கு இதுதான் கடைசி முறை. இதைத் தவறவிட்டால் சாகும்வரை ஸ்பனரும் கையும்தான். எஞ்சினியர் துரை பரீட்சை வைத்தார். கூட இரண்டு அதிகாரிகள். மொழிபெயர்க்க நான்.

கைவேலைப் பரீட்சையில் பாஸ் விளையாடிக் காட்டினார். நிலத்துக்கடியில் குழாய் எங்கே ஒழுகுகிறது என்று கண்டுபிடிக்கச் சொன்னார்கள். அவர் ஒரு இரும்புக் கம்பியை நிலத்தில் குத்தி, மறுமுனையில் காதை வைத்து, கண்ணை மூடிக்கொண்டு நடந்தார். "இஞ்ச," என்றார். தோண்டினால் அங்கேதான். துரைக்கு முகமெல்லாம் மலர்ச்சி. எழுந்து கை கொடுக்கப் போகிறவர் போல் இருந்தார். பிறகு, பரீட்சையில் இல்லாத ஒரு கேள்வியை, பகிடியாகக் கேட்டார். நீ மாலுமிகளிடமெல்லாம் ஒரு சொல்லைப் பற்றி விசாரிக்கிறாயாமே, இந்தப் பூட்டுக்கு ஏன் அந்தப் பெயர் என்று கண்டுபிடித்துவிட்டாயா?

நான் மொழிபெயர்த்தேன். பாஸ் சால்வையை இடுப்பில் இறுக்கிக்கொண்டார். பீப்பாய், சேவல், ராசா, கட்டளை என்று ஒன்றும் விடாமல் சொன்னார். நான் ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல, இரண்டு அதிகாரிகளும் மேசையைத் தட்டிச் சிரித்தார்கள்.

"இங்கிலாந்தில் இரண்டாவது அல்பிரட்டே கிடையாது," என்றார் துரை. அவர் சிரிக்கவில்லை. "இந்தக் கதையை இவனுக்கு யார் சொன்னது?"

நான் கேட்டேன். பாஸ் என் பக்கம் கையைக் காட்டினார். அவர் முகத்தில் இருந்த பெருமையை நான் இன்றைக்கும் விவரிக்கமாட்டேன்.

"வேற ஆர், இந்தத் தம்பிதான். இங்கிலீசில இவருக்குத் தெரியாதது ஒண்டுமில்லை. அப்படியே துரைக்குச் சொல்லுங்கோ, தம்பி."

அப்படியே சொல்லியிருந்தால் என்ன நடந்திருக்கும்? படித்த கிளாக்கர் சொன்னதை ஒரு தொழிலாளி நம்பினார் என்பதில் அவருக்கு ஒரு குற்றமும் இல்லை. துரை என்னைப் பார்த்திருப்பார். அவ்வளவுதான். மூன்று சோடிக் கண்கள் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தன, அன்று கிறீஸ் பேணியைச் சுற்றி நின்ற கண்களைப் போல.

"பஸாரில் ஒரு கிழவன் சொன்னானாம்," என்று ஆங்கிலத்தில் சொன்னேன்.

துரை பேனையை எடுத்தார். "கைவேலை கெட்டி. ஆனால் பஸாரில் எவன் எதைச் சொன்னாலும் நம்புகிறவனிடம் ஐம்பது பேரைக் கொடுக்க ஏலாது. வருத்தம்தான்," என்றார். அதையும் நான்தான் பாஸுக்குச் சொல்லவேண்டியிருந்தது. "இந்த முறை சரிவரேல்லையாம்," என்று மட்டும் சொன்னேன். அவர் மூவருக்கும் கும்பிட்டார். எனக்கும் சேர்த்துக் கும்பிட்டார். பித்தளைப் பூட்டை மேசையிலிருந்து எடுத்து, துணியால் துடைத்து, இருந்த இடத்திலேயே வைத்துவிட்டுப் போனார்.

கொழும்பிலிருந்து ஒரு ஃபோமன் வந்தார். வந்த முதல் வேலையாகக் கூவலை நிறுத்தி, தாங்கிக்குப் பக்கத்தில் ஒரு மணியைக் கட்டினார். துறைமுகம் மணிச்சத்தத்துக்குப் பழகிவிட்டது. நான் பழகவில்லை. கோயில் கூரைப் பக்கம் பார்க்காமல் வேறு வழியால் வேலைக்குப் போகத் தொடங்கினேன். அந்தச் சீடர் மூன்று தரம் மறுத்தார். அவருக்குக் கூவிக் காட்ட ஒரு சேவல் இருந்தது. நான் ஒரே தரத்தில் முடித்துவிட்டேன். எனக்காகக் கூவக்கூடிய ஒரே சேவலின் வாயையும் கட்டியாகிவிட்டது.

பாஸ் படிவம் எழுத வருவார். நான் தலை நிமிராமல் எழுதிக் கொடுப்பேன். அவரும் கொப்பியை எடுப்பதில்லை.

மாரி காலத்தில் துரையின் அறைக் கூரை ஒழுகி, அங்கிருந்த புத்தகங்களை என் மேசைக்கு மாற்றினார்கள். அகராதியும் வந்தது. இரண்டு நாள் அதைத் தொடவில்லை. மூன்றாம் நாள் கதவைச் சாத்திவிட்டுத் திறந்தேன். அந்தச் சொல்லுக்கு இரண்டு பக்கம். கரப்பான் பூச்சிக்கும் சேவலுக்கும் தொடர்பில்லையாம். அது ஸ்பெயின் நாட்டுச் சொல் ஒன்று திரிந்தது. கொக்ஸன் என்பதில் இருப்பது ஒரு சிறு படகின் பழைய பெயராம். சேவல் வாலுக்கு ஆளுக்கொரு கதை, ஒன்றும் நிச்சயமில்லை. குழாய்ப் பூட்டைப் பற்றி இப்படி இருந்தது: காரணம் திட்டமாகத் தெரியாது, பார்வைக்குச் சேவலின் தலையையும் கொண்டையையும் ஒத்திருந்ததால் அப்பெயர் வந்திருக்கலாம்.

சொண்டு, கொண்டை, கூவுகிற வாய்.

அதைவிட என்னைக் குத்தியது அந்த 'தெரியாது'. அத்தனை கனமான புத்தகம், உலகத்து ஆங்கிலமெல்லாம் அடங்கிய புத்தகம், பக்கத்துக்கு இரண்டு இடத்தில் தெரியாது, தெரியாது என்று எழுதி வைத்திருந்தது. அதற்கு ஒரு கூச்சமும் இருக்கவில்லை.

மதியச் சாப்பாட்டு நேரத்தில் மலையேறித் தாங்கிக்குப் போனேன். பாஸ் வால்வுக்குப் பக்கத்தில் இருந்து சோற்றுப் பொட்டலத்தை அவிழ்த்துக்கொண்டிருந்தார்.

"வாங்கோ தம்பி. சாப்பிட்டியளே?"

நான் நின்றபடியே எல்லாவற்றையும் கொட்டினேன். அகராதியில் இருந்ததைச் சொன்னேன். அல்பிரட் ராசா நான் கட்டின பொய், இங்கிலாந்தில் இரண்டாவது அல்பிரட்கூட இல்லை என்றேன். பரீட்சையில் நான் மாற்றிச் சொன்னேன் என்று தொடங்கினேன்.

"அது எனக்கு அண்டைக்கே விளங்கினது, தம்பி," என்றார் பாஸ், சோற்றைப் பிசைந்துகொண்டே. "நீங்கள் பஸார் எண்டு ஒரு சொல் சொன்னீங்கள். நான் பஸாரைப் பற்றி ஒண்டும் கதைக்கேல்லையே."

"பிறகேன் பேசாமல் இருந்தனீங்கள்?"

"பேசியிருந்தா உங்கட வேலை போயிருக்கும். எனக்குப் போனது வராத வேலை. உங்களுக்குப் போகவிருந்தது வந்த வேலை." ஒரு கவளத்தை வாயில் போட்டு மென்றார். "அதோட, அந்தக் கதையில எனக்கும் ஒரு ஐமிச்சம் இருந்தது. சேவலுக்கு இருட்டில கண் தெரியாது. அது விடிய விடியப் பீப்பாயைத் தேடிப்பிடிச்சு நிக்காது. ஆனா படிச்ச பிள்ளை சொல்லுறீங்கள், சேவலுக்குத்தான் என்னவோ பிழையாக்கும் எண்டு இருந்திட்டன்."

"நான் இப்பவே துரையிட்டைப் போய் உண்மையைச் சொல்லுறன், பாஸ்."

"வேண்டாம். அந்தக் கொழும்பு மனுசன் குடும்பத்தோட வந்திட்டார். பிள்ளையளைப் பள்ளிக்கூடத்திலயும் சேர்த்தாச்சு. இனி ஆரை எழுப்பி ஆரை இருத்துறது? விடுங்கோ."

அவர் வேண்டாம் என்றதும் என் நெஞ்சுக்குள் ஏதோ இறங்கியது. நிம்மதி. நான் வற்புறுத்தவில்லை. இரண்டாம் தரம் கேட்கவுமில்லை. பொய் சொன்னது பயத்தில். அதற்கு மன்னிப்பு இருக்கலாம். அந்த நிம்மதிக்கு என்ன பெயர் வைப்பதென்று இன்றைக்கும் எந்த அகராதியிலும் நான் தேடிப் பார்க்கவில்லை.

பாஸ் கையைக் கழுவிவிட்டு, மடியிலிருந்து கொப்பியை எடுத்தார். "புத்தகத்தில கிடந்ததை இதில எழுதித் தாங்கோ." எழுதினேன். அந்தப் பக்கத்தில் எழுத்து குண்டாக வரவில்லை. பிறகு அல்பிரட் ராசாவின் பக்கத்தைப் புரட்டி, குறுக்கே கோடு கீறப் போனேன். அவர் கொப்பியை இழுத்துக்கொண்டார்.

"அது கிடக்கட்டும். நல்ல கதை. ஆனா ரெண்டாவது அல்பிரட் இல்லாமல் மூண்டாவது ஆள் என்னெண்டு வந்தவர்? அதையும் ஒருக்கா யோசிச்சு வையுங்கோ, தம்பி."

சாப்பாட்டு நேரம் முடிந்தது. ஜெட்டியில் ஹோஸோடு ஓர் ஆள் வந்து நின்றான். பாஸ் எழுந்து வால்வில் கையை வைத்தார். மணியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். ஃபோமனைச் சுற்றுமுற்றும் காணவில்லை. நெஞ்சை நிமிர்த்தி, கழுத்தை நீட்டிக் கூவினார். நான் தலையைக் குனிந்துகொண்டு அது மலையிலும் தண்ணீரிலும் பட்டுத் திரும்பி வருகிற வரைக்கும் நின்றேன்.

யுத்தம் முடிந்ததும் டொக்யாட்டில் ஆட்களைக் குறைத்தார்கள். பாஸ் ஸ்பனரை ஒப்படைத்துவிட்டுச் சம்பூருக்குப் போனார். நான் இப்போது கொழும்பில் ஒரு விடுதியில் இருந்துகொண்டு பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் படிப்பிக்கிறேன். பிள்ளைகள் கேட்பதில் பாதிக்கு 'தெரியாது' என்கிறேன். நான் அவ்வளவு படித்தவனில்லை என்று அவர்களுக்குள் ஒரு கதை உலாவுகிறது.

விடுதியில் பத்துப் பேருக்கு ஒரு குழாய். காலையில் அதில் கை வைத்ததும் ஒரு கணம் நிற்கிறேன். மறுமுனையில் யாரும் ஹோஸைப் பிடித்துக்கொண்டு நிற்கவில்லை என்று எனக்குத் தெரியும். இருந்தாலும், பக்கத்து அறைக்காரருக்குக் கேட்காதபடி, மெல்ல ஒரு தரம் கூவிவிட்டுத்தான் திறக்கிறேன்.